ஈர வார்

இன்பசேகரனை முதலில் அடித்தது யார் என்று பிறகு யாராலும் சொல்ல முடியவில்லை. தோல் பதனிடும் ஷெட்டில் ட்ரம் நின்றுவிட்டிருந்தது. அதன் கதவுக்குக் கீழே சிமெண்டுத் தரையில் சுண்ணாம்புத் தண்ணீரும் ரத்தமும் கலந்து வடிகாலை நோக்கி ஓடிக்கொண்டிருந்தன. கை நசுங்கிய ஜெஸ்டனை ஒரு ஈரத் தோலில் கிடத்தி, மூலைகளைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு வேனுக்கு ஓடியிருந்தார்கள். அந்த நேரம் பார்த்துக் கையில் டெஸ்டரோடு ஷெட்டுக்குள் வந்த எலக்ட்ரிஷியன் இன்பசேகரன், "பட்டன் போட்டது யாரு?" என்று கேட்டான்.

"எவனும் போடல. நீ இழுத்த லைனு போட்டுச்சி."

சொன்னவன் சொல்லி முடிப்பதற்குள் தோல் இழுக்கும் கொக்கிக் கழி ஒன்று இன்பசேகரனின் தோள்மேல் விழுந்தது. அடுத்தது முதுகில். அவன் குப்புற விழுந்தபோது சுண்ணாம்புத் தண்ணீர் கண்ணிலும் வாயிலும் போயிற்று. எழ முயன்றவனை ரப்பர் பூட்ஸ் கால்கள் விலாவில் உதைத்தன. யாரும் திட்டவில்லை. மூட்டை அடிப்பதுபோல மூச்சு வாங்க அடித்தார்கள். ட்ரம் மேஸ்திரி அப்துல் கஃபார் ஜெஸ்டனை வேனில் ஏற்றிவிட்டு ஓடி வந்து அவன்மேல் கவிழ்ந்து படுத்துக்கொண்டார். மெயின் ஸ்விட்சை இறக்க மறு கோடிக்கு ஓடியவரும் அவர்தான். அவருக்கு இன்னும் மூச்சு திரும்பவில்லை.

"வுடுங்கடா. ஜெஸ்டன் அவனோட மச்சான்டா."

"மச்சானயே முடிச்சிட்டான் பாய். நீ எந்திரி."

"என்னத் தாண்டி அடிங்க, பாக்கலாம்."

அவர் தாடியில் ரத்தம் ஒட்டியிருந்தது. அது ஜெஸ்டனுடையது. கழிகள் மெதுவாகத் தாழ்ந்தன.

தோல் ட்ரம் என்பது மரத்தால் ஆன ஒரு பெரிய பீப்பாய். ஒரு குடும்பம் உள்ளே குடியிருக்கலாம், அவ்வளவு பெரியது. தோலும் சுண்ணாம்பும் மருந்தும் தண்ணீரும் போட்டுச் சுழற்றுவார்கள். பதம் வந்ததும் நிறுத்திவிட்டு, கதவைத் திறந்து தோல்களை வெளியே இழுப்பார்கள். தோல்கள் ஒன்றையொன்று பின்னிக்கொண்டால் கொக்கி உதவாது. தோள்வரை கையை விட்டுப் பிரிக்க வேண்டும். அதற்குமுன் சிவப்புப் பட்டனைத் தட்டுவார்கள். மெயின் ஸ்விட்ச் ஷெட்டின் மறு கோடியில் இருந்தது. வழுக்கும் தரையில் அவ்வளவு தூரம் போய் அதை இறக்கிவிட்டு வருகிற வழக்கம் யாருக்கும் கிடையாது. சிவப்பு தட்டினால் நின்றது என்று அர்த்தம். அன்றும் ஜெஸ்டன் சிவப்பைத் தட்டியிருந்தான். வலது கை உள்ளே இருக்கும்போது ட்ரம் தானாகச் சுற்றியது. அவனைத் தரையிலிருந்து தூக்கி, கையைக் கதவின் இரும்புச் சட்டத்துக்கும் தாங்கு தூணுக்கும் நடுவே கொண்டுபோய் நசுக்கியது. கஃபார் மெயினை இறக்கிய பிறகும் அதன் பாரத்தில் அது கொஞ்சம் ஓடித்தான் நின்றது.

அடி ஓய்ந்ததும் இன்பசேகரன் செய்ததை எல்லோரும் பார்த்தார்கள், யாருக்கும் புரியவில்லை. ஏணியை இழுத்துச் சுவரில் சாத்தினான். ஒரு கண் வீங்கி மூடியிருந்தது. விலாவைப் பிடித்தபடி ஏறி, கூரைக்குக் கீழே கேபிள் போகும் இரும்புத் தட்டை எட்டினான். எதையோ கட்டரால் நறுக்கினான். கால்சட்டைப் பையில் போட்டுக்கொண்டான். இறங்கியவன் கடைசிப் படியில் உட்கார்ந்து வாந்தி எடுத்தான்.

அந்த ஷெட்டில் கேபிளுக்கு இரண்டு தட்டுகளாகத்தான் அவன் போட்டிருந்தான். மேல் தட்டில் மோட்டாருக்கு மின்சாரம் கொண்டுபோகும் தடித்த கேபிள்கள். அதற்கு ஒரு முழம் கீழே, தனித் தட்டில், பட்டனிலிருந்து பேனலுக்குச் செய்தி கொண்டுபோகும் மெல்லிய கேபிள்கள். நில், ஓடு என்று சொல்வது இவை. அதைக் கேட்டு மோட்டாரை ஓட்டுவது அவை. இரண்டும் ஒன்றோடொன்று உரசினால், யாரும் சொல்லாமலே 'ஓடு' என்ற செய்தி போய்ச் சேரலாம். அதனால் இரண்டையும் பிரித்தே வைக்க வேண்டும். இதை அவன் ஐ.டி.ஐ.யில் படித்திருந்தான், பத்துப் பன்னிரண்டு வருடமாகச் செய்தும் வந்தான்.

விபத்துக்குச் சில மாதம் முன்பு, பக்ரீத் முடிந்த வாரத்தில் கீழ்த் தட்டு போயிற்று. தோல் உப்பு காற்றிலேயே இருக்கிற ஊர் ஆம்பூர். இரும்பு அங்கே ரொம்ப நாள் இரும்பாக இருப்பதில்லை. தட்டு நடுவில் அறுந்து, ஒயர்களோடு ட்ரம்முக்கு மேலே தொங்கியது. வெளியே லாரிகள் வரிசையாக நின்றன. உப்புத் தடவிய தோல்கள் வாசலில் மலையாகக் கிடந்தன. தாமதித்தால் அழுகும்.

மேனேஜர் பக்தவச்சலம் மூக்கைக் கைக்குட்டையால் பொத்திக்கொண்டு வந்தார்.

"ட்ரேயெல்லாம் அப்பறம் இன்பா. இப்ப ட்ரம்மு ஓடணும். அந்த ஒயர மேல தூக்கி அது கூடவே சேத்துக் கட்டு."

"ரெண்டும் ஒண்ணா வரக்கூடாது சார். மேல மோட்டார் கரண்டு போவுது."

"எனக்குக் கிளாஸ் எடுக்காத. திங்கக்கெழம புது ட்ரே வந்துரும்."

இன்பசேகரன் ஏறினான். ஒயர் கட்டும் பிளாஸ்டிக் டை அந்தக் காற்றில் வெடித்து வெடித்து அறுந்தது. நான்கைந்து வீணானதும் அவன் சலித்துக்கொண்டான். கீழே தோல் ஓரம் நறுக்கும் மேசையருகே நின்றிருந்த ஜெஸ்டன் அண்ணாந்து பார்த்துச் சிரித்தான்.

"டை இன்னாத்துக்கு மாமா? இந்தா, நம்மூரு டை."

உப்புத் தோலின் ஓரத்தில் ஈரமாக ஒரு வார் கிழித்து, ஒரு முனையில் கத்தியால் கண் போட்டான். மறுமுனையை அதில் நுழைத்து இழுத்தால் சுருக்கு. ஆம்பூரில் இப்படிக் கட்டாத பொருள் இல்லை. சைக்கிள் கேரியர், வாளிப் பிடி, கக்கூஸ் கதவு, எல்லாம் ஈர வாரால் கட்டியவை. காய்ந்தால் அது சுருங்கிக் கவ்விக்கொள்ளும்; பிறகு இடுக்கியால்கூட அவிழ்க்க முடியாது. ஜெஸ்டன் வாரோடு ஏணியின் மறுபக்கம் ஏறினான். ஒரு முனையை அவன் பிடிக்க, இன்னொன்றை இன்பசேகரன் பிடித்தான்.

"இழு மாமா. நல்லா இழு. மாடே வந்தாலும் அறுக்காது, மாட்டையே வச்சிதானே கட்றோம்."

கீழே இருந்தவர்கள் சிரித்தார்கள். இன்பசேகரனும் சிரித்தான். புது ட்ரே அந்தத் திங்கட்கிழமை வரவில்லை. அதற்குப் பிறகும் வரவில்லை. வார் காய்ந்து, கேபிளின் கறுப்பு உறைக்குள் பல்லாக இறங்கியது. ஐப்பசியில் மழை பிடித்தது. மழை நாளில் உப்புத் தோல் வேர்க்கும் என்பது அங்கே நடக்கத் தெரிந்த பிள்ளைக்கும் தெரியும். தோல் கிடங்கில் அதற்காகத் தரையில் பலகை போடுவார்கள். தலைக்கு மேலே கட்டியிருக்கும் வாரும் உப்புத் தோல்தான், அதன் ஈரம் மோட்டார் கரண்டைப் பட்டன் ஒயருக்குக் கொண்டுபோகும் என்பது மட்டும் ஒருவருக்கும் தோன்றவில்லை.

வேலூர் ஆஸ்பத்திரியில் ஜெஸ்டனின் வலது கையை முழங்கைக்கு மேலே எடுத்தார்கள். அவன் இன்பசேகரனின் மனைவி கிருபாவுக்குத் தம்பி. தாய் தகப்பன் இல்லாமல் அவள் கையால் வளர்ந்தவன். கஸ்பா பகுதியில் ஒரே முற்றத்துக்கு இரண்டு வாசல் வைத்த வீட்டில் ஒரு பாதியில் அக்கா குடும்பமும், மறு பாதியில் ஜெஸ்டனும் அவன் மனைவி ஃபீபியும் இருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை கோயிலில் ஆராதனை முடிந்து வந்தால் ஒரே அடுப்பில்தான் கறி வேகும்.

இன்பசேகரனைக் கம்பெனி வெளியே அனுப்பியது. அவன் தினமும் பஸ் பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போனான். கட்டிலோரம் உட்கார்ந்து ஆரஞ்சு உரித்து, நார் எடுத்து, சுளை சுளையாக மச்சான் வாயில் வைத்தான். ஒரு வார்த்தை பேச மாட்டான். ஜெஸ்டன் சுவரைப் பார்த்தபடி மெல்லுவான். பக்தவச்சலமும் ஒருநாள் ஹார்லிக்ஸ் பாட்டிலோடு வந்து, ஃபீபியை வராந்தாவுக்கு அழைத்துப் பேசினார்.

"கம்பெனி மேல ஒண்ணும் இல்லம்மா. லைனு கட்டுனது உங்க சொந்தக்காரன். நீங்களே கேட்டுக்குங்க."

வீட்டுக்கு வந்த நாளிலிருந்து ஜெஸ்டன் முற்றத்துப் பக்கம் வரவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் தட்டு விழும் சத்தம், ஃபீபியின் அழுகை, சில நாள் அடி விழும் சத்தம் கேட்டது. அடித்தது இடது கை. கிருபா போய்க் கதவைத் தட்டினால் உள்ளேயிருந்து, "உன் புருஷனக் கைய எண்ணி வச்சிக்கச் சொல்லு. ஒண்ணு எனக்கு வரணும்," என்று பதில் வரும்.

ஃபீபி கிணற்றடியில் குனிந்து பாத்திரம் தேய்க்கும்போது ஒருநாள் சொன்னாள்: "அண்ணி, சும்மா சொல்றாருனு நெனைக்காதீங்க. பட்டறைல இருந்து கத்திய எடுத்தாரச் சொல்லி வாங்கி வச்சிருக்காரு. இடது கையால வாழ மட்டைய வெட்டி வெட்டிப் பழகுறாரு. அண்ணன எங்கியாச்சும் அனுப்பி வையிங்க."

"எங்க போவாரு?"

"குடியாத்தத்துல உங்க சித்தி வூடு இல்ல?"

"போன்னு சொன்னேன். போவமாட்டேங்குறாரு."

கிறிஸ்துமஸ் நெருங்கியது. தெருவில் நட்சத்திரங்கள் ஏறின. எல்லா வருடமும் அவற்றுக்கு ஒயர் இழுத்துத் தருவது இன்பசேகரன். இந்த வருடம் அவனை ஒருவரும் கூப்பிடவில்லை. அவன் வாசலில் உட்கார்ந்து, எதிர்வீட்டுப் பையன்கள் செய்யும் கோணல் ஜாயிண்டைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

துவைக்கத் துணி தேடும்போதுதான் ஒரு வார்த்துண்டு கிருபாவின் கையில் சிக்கியது. அவனுடைய பழைய டூல் பைக்குள், துணியில் சுற்றியிருந்தது. எலும்புபோல விறைத்த தோல். உள்பக்கம் செம்புக் களிம்பு பச்சையாகப் பூத்திருந்தது. ஒரு முனையில் கத்தியால் கீறிய கண். ஷூ கம்பெனியில் அப்பர் என்கிற மேல்தோலைத் தைக்கிறவள் அவள். தோலில் கத்தி போன போக்கைப் பார்த்தால் ஆளைச் சொல்லிவிடுவாள். கண்ணைக் கொஞ்சம் சாய்த்துப் போடுவது அவள் தம்பி மட்டும்தான். அவள் வீட்டுக் கக்கூஸ் கதவிலேயே அப்படி இரண்டு இருந்தன.

"இது எங்க இருந்திச்சி?"

இன்பசேகரன் டூல் பையை இழுத்து மூடினான்.

"மேல இருந்திச்சா? ட்ரேயில? அப்ப இது ஜெஸ்டன் போட்ட வாரு. யோவ், வாயத் தொற."

"போட்டது அவன். கட்டுனது நானு."

"இத ஏன் யாருக்கும் காட்டல?"

"யாருக்குக் காட்டச் சொல்ற? பக்தவச்சலத்துக்கா? வாரோட கண்ணப் பாத்தா ட்ரம் ஷெட்டுல அத்தனை பேருக்கும் தெரியும் யாரு வாருன்னு. அவனே கட்டி அவனே மாட்டிக்கினான், கம்பெனிக்குச் சம்பந்தமில்லனு எழுதிருவாங்க. நஷ்டஈட்டுக் கேஸு நிக்காது. கையும் போயி கேஸும் போவணுமா?"

"அப்ப நீ வெட்டுப்பட்டுச் சாவு."

"கை போனவன்கிட்ட போயி, உன் கத்திதான்டா உன் கையத் தின்னிச்சினு நான் சொல்லணுமா? உன் தம்பி அவன்."

"என் தம்பிதான். அதுக்கு உன் கையக் குடுப்பியா? சோறு இன்னாத்துல துன்னுவ?"

அவன் எழுந்து, துண்டை அவளிடமிருந்து வாங்கி, மறுபடியும் துணியில் சுற்றினான். "நீ பேசக் கூடாது கிருபா. ஆணையா சொல்றேன்." அவள் சத்தியம் செய்யவில்லை.

அடுத்த ஞாயிறு காலையிலிருந்து தூறிக்கொண்டே இருந்தது. கோயிலுக்கு ஃபீபி மட்டும் வந்திருந்தாள், கன்னத்தில் பவுடர் அப்பி. கிருபா திரும்பி வந்து மாட்டுக்கறி வேகவைத்து, கேழ்வரகுக் களி கிளறினாள். பழக்கத்தில் பெரிய சட்டியையே ஏற்றியிருந்தாள். ஒரு கிண்ணம் ஊற்றி ஃபீபியிடம் கொடுத்தனுப்பினாள். கொஞ்ச நேரத்தில் கிண்ணம் முற்றத்தில் வந்து விழுந்தது. கறித்துண்டுகள் மழைத் தண்ணீரில் சிதறின. பின்னாலேயே ஜெஸ்டன் வந்தான்.

லுங்கியும் பனியனும் உடுத்தியிருந்தான். வலது பக்கம் பனியனின் கைத்துளை காலியாக இருந்தது. கட்டு போட்ட குட்டையான கை அதற்குள் துடித்தது. இடது கையில் தோல் ஓரம் நறுக்கும் கத்தி. ஃபீபி அவன் இடுப்பைக் கட்டிக்கொண்டு இழுபட்டு வந்தாள். அவன் முழங்கையால் அவள் முகத்தில் இடித்தான். அவள் கிணற்றுக்கல்லில் விழுந்தாள்.

"மாமா, வெளிய வா."

இன்பசேகரன் களியைக் கையில் வைத்திருந்தான். தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து முற்றத்துக்கு வந்தான். கிருபா குறுக்கே விழப் போனாள். அவளைத் தோளால் ஒதுக்கினான்.

"எந்தக் கை?" என்று கேட்டான்.

"இன்னா திமிரு பாருக்கா. பேசுது இது. ஆஸ்பத்திரில ஒரு வார்த்த பேசாதது இப்ப பேசுது." ஜெஸ்டனின் வாயில் எச்சில் தெறித்தது. "நீ எலக்ட்ரிஷியன். நான் தோல்காரன். நான் வாரு குடுத்தா வேணாம்டானு சொல்லணும் நீ. எத எதோட சேக்கக் கூடாதுன்னு உனக்குத்தான தெரியும்? எனக்கு இன்னா தெரியும்? ஒரு அறை வுட்ருக்கலாம் இல்ல? ஏன் சிரிச்ச? ஏன்டா சிரிச்ச?"

"தப்புதான் மச்சான்."

"ஆரஞ்சு உரிச்சிக் குடுக்குற! கை இல்லாதவனுக்கு ஆரஞ்சு உரிச்சி வாயில வைக்கிற! வந்து திட்டுவ, உன்னாலதாண்டா போச்சினு என்னிய ரெண்டு வுடுவ, நானும் ரெண்டு வுடுவேன்னு பாத்துகினே இருந்தேன். ஊமையாட்டம் நாரு எடுத்துகினு உக்காந்திருக்க."

கத்தி மேலே போனது. இடது கை இன்னும் முழுக்கப் பழகவில்லை, குறி கோணியது. கழுத்தை நோக்கியா கையை நோக்கியா என்று அவனுக்கே தெரிந்திருக்காது. இன்பசேகரன் இடது கையைக் குறுக்கே தூக்கினான். கத்தி உள்ளங்கையின் ஓரத்தில் இறங்கி, சுண்டுவிரலையும் அதற்கடுத்ததையும் பிளந்து, மணிக்கட்டு வரைக்கும் இழுத்துக்கொண்டு போனது. சுண்டுவிரல் தோலில் மட்டும் தொங்கியது. ரத்தம் பீய்ச்சி ஜெஸ்டனின் முகத்தில் அடித்தது. அவன் மறுபடியும் ஓங்கினான்.

அதற்குள் கிருபா உள்ளே ஓடி டூல் பையைக் கவிழ்த்திருந்தாள். துணிச் சுருளோடு வந்து தம்பியின் மார்பில் அதை வீசி அடித்தாள். வார்த்துண்டு அவன் காலடியில் ஈர மண்ணில் விழுந்தது.

"பாரு! நீ போட்ட கண்ணுதான அது? உன் கத்திதான போட்டிச்சி? வெட்டு, இப்ப வெட்டு!"

ஜெஸ்டன் குனிந்து பார்த்தான். "தெரியும்க்கா," என்றான். "அன்னிக்கே தெரியும். இத சொல்லத்தான் வந்தியா?" பிறகு எதையோ யோசிப்பவனாக நெற்றியைச் சுருக்கினான். "இது மேலதான இருந்திச்சி. இங்க எப்டி வந்திச்சி?"

"அவருதான் அறுத்தாந்தாரு. உன்ன ஆஸ்பத்திரிக்கித் தூக்கினு போனாங்களே, அப்பவே. விலா எலும்பு ஒடஞ்சி கீழ வுழுந்தாரு, எந்திரிச்சி மொதல்ல அதுக்குத்தான் ஏறுனாரு. அந்தப் பக்தவச்சலம் கைல கெடச்சா உன் தலையில எழுதிருவானாம். என்னியக் கூடப் பேசாதன்னாரு. இப்பப் பேசிட்டேன். போ, போயி நீயே சொல்லு கம்பெனிக்கு."

மழை கொஞ்சம் வலுத்தது. ஃபீபி மூக்கிலிருந்து வழியும் ரத்தத்தை முந்தானையால் பிடித்தபடி எழுந்து உட்கார்ந்திருந்தாள். தெருக்கதவுக்கு வெளியே தலைகள் சேர்ந்திருந்தன. யாரும் உள்ளே வரவில்லை. இன்பசேகரன் வெட்டுப்பட்ட கையை வயிற்றோடு அழுத்திக்கொண்டு கிணற்றுக்கல்லில் சாய்ந்து சறுக்கினான். சட்டை முழுக்கச் சிவந்து, ரத்தம் லுங்கிக்கு இறங்கிக்கொண்டிருந்தது. உதடு வெளுத்துவிட்டது.

கத்தி ஜெஸ்டனின் கையிலிருந்து எப்போது விழுந்தது என்று அவன் கவனிக்கவில்லை. அவன் மண்டியிட்டு மாமனின் மணிக்கட்டைப் பிடித்தான். பிடித்த விரல்களின் நடுவே ரத்தம் பொங்கியது. கொடியில் தொங்கிய துண்டை எட்டி இழுத்து, கையைச் சுற்றினான். முடிச்சுப் போட வேண்டும். குட்டையான வலது கை தானாக முன்னால் வந்தது, ஒன்றையும் பிடிக்காமல் காற்றில் நின்றது. அவன் அதையே பார்த்தான்.

"ஃபீபி, ஆட்டோ!" என்று கிருபா கத்தினாள். "அக்கா, நீ தள்ளு," என்றான் ஜெஸ்டன். துண்டின் ஒரு முனையை மடித்து, விரலாலேயே ஒரு சந்து உண்டாக்கி, மறுமுனையைப் பல்லால் அதற்குள் நுழைத்தான். வாருக்குப் போடும் அதே சுருக்கு. ஒரு முனையைத் தன் இடது கையில் சுற்றிக்கொண்டு, இன்னொன்றை இன்பசேகரனின் நல்ல கையில் திணித்து விரல்களை மூடினான்.

"இழு மாமா."

இன்பசேகரனின் கண் செருகியது. ஜெஸ்டன் அவன் கன்னத்தில் ஓங்கி ஒரு அறை விட்டான்.

"தூங்காத. நல்லா இழு."

இன்பசேகரன் இழுத்தான்.